ஒரே நாளில் பிறந்த இரண்டு பேராசிரியர்கள்

போன மாதம் என் பழைய அலுவலகத்திலிருந்து ஒரு பெண் போன் செய்தாள். சட்டப் பிரிவில் நான் உட்கார்ந்திருந்த நாற்காலியில் இப்போது உட்கார்ந்திருப்பவள் அவள். ஆசிரியர்களின் பணிமூப்புப் பட்டியலை முழுக்கக் கம்ப்யூட்டரில் ஏற்றிவிட்டார்களாம்.

"இனிமே ஹெச்.ஓ.டி. யாருன்னு கேஸே வராது மேடம். சேர்ந்த தேதி ஒண்ணா இருந்தா, வயசுல யாரு பெரியவங்களோ அவங்க பேரை அதுவே மேல போட்டுடும்."

"வயசும் ஒண்ணா இருந்தா?"

"அப்படியெல்லாம் எங்க மேடம் இருக்கப் போகுது" என்று சிரித்தாள். நானும் சிரித்தேன். நான் சிரித்த காரணத்தைப் போனில் சொல்லி முடியாது. அதனால் எழுதுகிறேன்.

பெங்களூரில் ஒரு பல்கலைக்கழகத்தில் டைப்பிஸ்டாகச் சேர்ந்தேன். பிறந்து வளர்ந்தது ஆடுகோடி. வீட்டில் தமிழ், தெருவில் கன்னடம், டைப்ரைட்டரில் இங்கிலீஷ் என்று மூன்றும் கைக்கு வந்திருந்ததால் ஒவ்வொரு பிரிவிலும் என்னை இழுத்துப் போட்டார்கள். தொண்ணூற்று ஒன்றில் சட்டப் பிரிவுக்குக் கண்காணிப்பாளராக வந்தேன். ஓய்வு பெறும்வரை வேறெங்கும் போகவில்லை. யாரும் அந்தப் பிரிவுக்கு விரும்பி வராததால் என்னை மாற்றவும் முடியவில்லை.

பல்கலைக்கழகத்தின் மேல் வழக்கு என்றால் பரீட்சையில் ஃபெயில் ஆன பிள்ளைகள் போடுவது என்றுதான் வெளியில் இருப்பவர்கள் நினைப்பார்கள். பாவம், பிள்ளைகளுக்குக் கோர்ட்டுக்குப் போகத் தைரியம் ஏது? என் அலமாரியில் பாதிக்கு மேல் வாத்தியார்கள் போட்ட வழக்குகள். நான் பெரியவனா, அவன் பெரியவனா? எனக்கு முன்னால் அவனை எப்படித் துறைத் தலைவராகப் போடலாம்? இதற்குத்தான் ஹைகோர்ட்.

துறைத் தலைவர் பதவிக்கு அப்படி என்ன மவுசு என்று கேட்பீர்கள். சம்பளத்தில் ஒன்றும் கூடாது. ஒரு தனி அறை, எஸ்.டி.டி. வசதியுள்ள போன், ரெக்ஸின் கிழிந்த ஒரு சோபா. அப்புறம் சுவரில் ஒரு மரப்பலகை. இதுவரை தலைவராக இருந்தவர்களின் பெயர்கள் அதில் வெள்ளைப் பெயின்ட்டில் வரிசையாக எழுதியிருக்கும். அந்தப் பலகைதான் விஷயமே. இன்னொருவன் பெயர் தன் பெயருக்கு மேலே ஏறிவிடக்கூடாது என்பதற்காக ரத்தக் கொதிப்பு வந்து மாத்திரை விழுங்கியவர்களை நான் பார்த்திருக்கிறேன்.

எனக்கு மேலே இருந்தவர் ரிஜிஸ்டிரார். நான் பார்த்த ரிஜிஸ்டிரார்களிலேயே நீண்ட காலம் தாக்குப்பிடித்தவர் அவர்தான். அதற்கு ஒரே காரணம், எதிலும் எதையும் எழுதமாட்டார். எந்தக் கோப்பை அனுப்பினாலும், அது தீப்பிடித்துக்கொண்டு எரிந்தாலும், ஓரத்தில் பச்சை மையில் 'சர்ச்சிஸி' என்று ஒரே ஒரு கன்னடச் சொல்லை எழுதித் திருப்பி அனுப்புவார். நேரில் வந்து பேசு என்று பொருள். நேரில் போய் நிற்பேன். கண்ணாடியைக் கழற்றிக் கைக்குட்டையால் துடைப்பார். நான் பேசப் பேசத் துடைத்துக்கொண்டே இருப்பார். பேசி முடித்ததும் கண்ணாடியை மாட்டிக்கொண்டு, "ரூல் என்ன சொல்லுது விஜயம்மா?" என்பார். ரூலைச் சொல்வேன். "அப்போ ரூல் பிரகாரம் பண்ணிடுங்க" என்பார். அதை எழுதிக் கொடுங்கள் சார் என்று கேட்டால் மறுபடியும் கண்ணாடியைக் கழற்றுவார்.

இப்போது வழக்குக்கு வருகிறேன். வரலாற்றுத் துறை. அதன் தலைவர் ஓய்வு பெற்றார். அடுத்த இடத்துக்கு இரண்டு பேராசிரியர்கள். ஒருவர் நஞ்சப்பா. கல்வெட்டு படிப்பதில் கெட்டிக்காரர். மண்ணில் புதைந்த பாதிக் கல்லைத் தடவிப் பார்த்தே எந்த ராஜா, எந்த வருஷம் என்று சொல்லிவிடுவாராம். இன்னொருவர் வாசுதேவ். சுதந்திரப் போராட்டத்தைப் பற்றிப் புத்தகங்கள் எழுதியவர். இருவரும் ஒரே தேர்வுக் குழுவில் தேர்வாகி, ஒரே உத்தரவில் நியமனமாகி, ஒரே நாள் காலையில் சேர்ந்தவர்கள். தேர்வுக் குழுவில் இருந்த புண்ணியவான்கள் இரண்டு பேருக்கும் மனஸ்தாபம் வரக்கூடாது என்று ஒன்று, இரண்டு என்று போடாமல், பெயர்களை அகர வரிசையில் எழுதி, அகர வரிசை என்று குறிப்பும் போட்டுவிட்டார்கள். பிள்ளையார் பிடிக்கக் குரங்காய் முடிந்தது என்பது இதுதான்.

எல்லாம் சமமாக இருந்தால் வயதில் மூத்தவர் மூத்தவர் என்று ரூல். பணிப் பதிவேட்டைப் பார்த்தால் இருவருக்கும் பிறந்த தேதி ஒன்றே. ஒரே வருஷம், ஜூன் முதல் தேதி. அந்தத் தலைமுறைக்காரர்களுக்கு இது ஆச்சரியமில்லை. ஜூனில் பள்ளிக்கூடம் திறக்கும். வயது நிரம்பாத பிள்ளையோ, வயது தெரியாத பிள்ளையோ, எது வந்தாலும் தலைமை ஆசிரியர் ஜூன் ஒன்று என்று எழுதிச் சேர்த்துக்கொள்வார். எங்கள் பல்கலைக்கழகத்திலேயே பாதிப் பேராசிரியர்கள் ஜூன் ஒன்றில் அவதரித்தவர்கள்தான்.

பிறந்த நாள் ஒன்று என்றால் ஓய்வு பெறும் நாளும் ஒன்று. அதற்கு இரண்டு வருஷத்துக்குக் கொஞ்சம் மேலே இருந்தது. தலைவர் பதவி இரண்டு வருஷம். அதாவது முதலில் ஏறுகிறவர் முழுதாக அனுபவிப்பார். மற்றவர் பெயர் பலகையில் வராமலே வீட்டுக்குப் போக வேண்டியதுதான். ஆளுக்கு ஒரு வருஷம் என்று பிரித்துக்கொள்ளுங்கள் என்று துணைவேந்தரே கூப்பிட்டுச் சொன்னார். முதல் வருஷம் யாருக்கு என்று இருவரும் கேட்டார்கள்.

நஞ்சப்பா ஹைகோர்ட்டில் ரிட் போட்டார். மறு வாரமே வாசுதேவும் போட்டார். இப்போது உள்ள நிலையே தொடரட்டும் என்று கோர்ட் உத்தரவு போட்டது. இப்போது உள்ள நிலை என்ன? பழைய தலைவர் போய்விட்டார், புதியவர் வரவில்லை. ஆகவே யாரும் இல்லாத நிலை தொடர்ந்தது. தினமும் இரண்டு பேரும் ஒருவருக்கு முன்னால் ஒருவர் வந்து அந்த அறையில் உட்கார ஆரம்பித்தார்கள். ஒருநாள் சோபாவில் ஒருவரும் நாற்காலியில் ஒருவருமாகச் சாயங்காலம்வரை அசையாமல் இருந்ததாகக் கேள்விப்பட்டு, அறையைப் பூட்டிச் சாவியை என்னிடம் வைத்துக்கொள்ளும்படி ரிஜிஸ்டிரார் வாயால் சொன்னார். துறைத் தலைவரின் ரப்பர் ஸ்டாம்பும் உள்ளேயே இருந்தது.

பூட்டிய அறைக்கு வெளியே நின்றவள் சுமதி. சந்தாபுராவிலிருந்து பஸ்ஸில் வந்துபோகும் பெண். ஆனேக்கல் வட்டத்து ஏரிகளைப் பற்றி நஞ்சப்பாவிடம் ஆய்வு செய்து, கட்டு கட்டாக எழுதி பைண்ட் பண்ணி முடித்திருந்தாள். நகரத்தில் உதவி பெறும் கல்லூரி ஒன்றில் நிரந்தர விரிவுரையாளர் வேலை ஒன்று காலியாக இருந்தது. ஆய்வேடு சமர்ப்பிக்கப்பட்டது என்று துறைத் தலைவர் ஸ்டாம்ப் வைத்துக் கையெழுத்துப் போட்ட சான்று இருந்தால் இன்டர்வியூவுக்குக் கூப்பிடுவார்கள். அடுத்த தடவை என்பது அவளுக்குக் கிடையாது. அந்த வேலைக்கான வயது வரம்பு அந்த வருஷத்தோடு அவளுக்கு முடிந்தது. அவள் பிறந்தது சர்க்கார் ஆஸ்பத்திரியில். நாளும் நேரமும் கார்ப்பரேஷன் சர்டிஃபிகேட்டில் அச்சாகி இருந்தது. அவள் வயதைக் குறைக்க எந்தத் தலைமை ஆசிரியராலும் முடியாது.

"ஒரு கையெழுத்துதான் மேடம். யாரு போட்டாலும் எனக்குப் பரவால்ல" என்று என் மேசைக்கு எதிரே நின்று சொன்னாள். அழவில்லை. அழுதிருந்தால்கூட ஆறுதல் சொல்லி அனுப்பியிருப்பேன். அப்படிப் பார்த்துக்கொண்டு நின்றதுதான் எனக்குத் தாங்கவில்லை.

டீன் என்ற முறையில் புவியியல் பேராசிரியர் ஒருவர் இருந்தார். துறைக்குத் தலைவர் இல்லாதபோது அவர் கையெழுத்துப் போடலாம். இருவரின் உரிமைக்கும் பாதகமில்லாமல், மாணவர்களுக்காக மட்டும், டீன் கையெழுத்திடலாம் என்று குறிப்பு எழுதி அனுப்பினேன். 'சர்ச்சிஸி' என்று திரும்பி வந்தது. போய் நின்றேன். கண்ணாடி கழன்றது.

"கோர்ட் ஆர்டர் இருக்கே விஜயம்மா. கன்டெம்ப்ட்னு யாராவது கிளப்பினா நான்தான போய் நிக்கணும்?"

"பொண்ணுக்கு வயசு தாண்டிடும் சார்."

"அப்போ ஒண்ணு செய்ங்க. ரெண்டு பேர்கிட்டயும் ஒப்புதல் எழுதி வாங்கிட்டு வாங்க."

முதலில் நஞ்சப்பாவிடம் போனேன். அவளுடைய வழிகாட்டி அல்லவா, உடனே போட்டுவிடுவார் என்று நம்பினேன். "சுமதி என் மகள் மாதிரி" என்று ஆரம்பித்தார். மகள் மாதிரி என்று ஒருவர் ஆரம்பித்தாலே காரியம் நடக்காது என்று எனக்குத் தெரியும். "ஆனா டீன் கையெழுத்துப் போடலாம்னு நான் எழுதிக் கொடுத்தா, நான் தலைவர் இல்லைன்னு நானே ஒத்துக்கிட்ட மாதிரி ஆகுமேம்மா. சொல்ப தாளி. கேஸ் முடியட்டும். நானே என் கையால போட்டுக் கொடுக்கறேன்" என்றார். கொஞ்சம் பொறுக்க வேண்டுமாம். ஆயிரம் வருஷத்துக் கல்லோடு பழகியவருக்கு அவசரம் என்றால் என்ன தெரியும்.

வாசுதேவும் இதையே சொன்னார். நான் விடவில்லை. இது உங்கள் வழக்கைப் பாதிக்காது என்று அவரவர் வக்கீலையே சொல்ல வைத்தேன். கடைசியில் இருவரும் இறங்கி வந்தார்கள். ஒரே தாளில் இருவருக்கும் கையெழுத்துக்கு இடம் விட்டு டைப் அடித்துக்கொண்டு போனேன். யார் பெயர் மேலே என்று வாசுதேவ் கேட்டார். சரி என்று பக்கத்துப் பக்கத்தில் டைப் அடித்தேன். இடதுபக்கம்தானே முதல் இடம் என்றார் நஞ்சப்பா. ஆளுக்கு ஒரு தாளாகத் தனித்தனியாக அடித்தேன். இருவரும் படித்துப் பார்த்துத் தலையாட்டிவிட்டு, யாருடைய தாள் முதலில் அலுவலகத்தில் பதிவாகும் என்று கேட்டார்கள். முதலில் ஒப்புதல் கொடுத்தவர் பெரிய மனசுக்காரராம், அதனால் அவரே மூத்தவர் என்றார் ஒருவர். முதலில் கொடுத்தவர் தோற்றவர் என்றார் இன்னொருவர். அதிலும் ஒரு முடிவுக்கு வரவில்லை.

அந்தத் தாள்கள் என் மேசையில் கிடந்தபோதே இன்டர்வியூ நடந்து முடிந்தது. சுமதி வந்து, "வேற ஆளைப் போட்டுட்டாங்க மேடம்" என்று சொல்லிவிட்டுப் போனாள். அன்று மத்தியானம் நான் சாப்பாட்டு டப்பாவைத் திறக்கவில்லை. அவ்வளவு கோபம். சாமி வரம் கொடுத்தாலும் பூசாரி வரம் கொடுக்கமாட்டான் என்பார்கள். இங்கே இரண்டு பூசாரிகள், சாமியோ கண்ணாடி துடைத்துக்கொண்டிருந்தது.

அதன் பிறகுதான் வேடிக்கை. வழக்கு இழுத்துக்கொண்டே போனதில் நஞ்சப்பாவுக்குப் பொறுமை போய்விட்டது. தான் உண்மையில் மூத்தவர் என்று ஒரு அஃபிடவிட் போட்டார். கூடவே தன் ஜாதகம். பள்ளியில் சேர்த்தபோது தலைமை ஆசிரியர் வயதைக் குறைத்து எழுதிவிட்டாராம். ஜாதகப்படி அவர் பிறந்தது கிட்டத்தட்ட மூன்று வருஷத்துக்கு முன்பு. ஜாதகத்தின் வருஷப் பெயர், மாதம், நட்சத்திரம் எல்லாவற்றையும் கல்வெட்டு படிக்கிற அதே முறையில் கணக்கிட்டு நாலு பக்கம் விளக்கமும் எழுதியிருந்தார்.

வாசுதேவ் சும்மா இருப்பாரா? அவருடைய கிழட்டுத் தாய்மாமனைக் கிராமத்திலிருந்து அழைத்து வந்து ஒரு அஃபிடவிட் வாங்கினார். ஊர் ஏரி உடைந்த வருஷத்தில் வாசுதேவ் தொட்டிலில் கிடந்தாராம். அந்த ஏரி உடைந்தது, நஞ்சப்பாவின் ஜாதகத்தில் இருந்த தேதிக்கும் முந்தின வருஷம். ஊர் உலகத்துக்கெல்லாம் தேதி குறித்துக் கொடுக்கிற இரண்டு மேதைகள் தங்கள் பிறந்த நாளுக்கு இப்படி ஆதாரம் தேடினார்கள்.

அடுத்த விசாரணைக்கு நான் வழக்கம்போலக் கோர்ட்டில் பின்வரிசையில் கோப்போடு உட்கார்ந்திருந்தேன். இரண்டு பேராசிரியர்களும் கோட்டு போட்டுக்கொண்டு வந்திருந்தார்கள். நீதிபதி வயதானவர், குரலை உயர்த்தாதவர். இரண்டு அஃபிடவிட்டையும் நிதானமாகப் படித்தார். பிறகு நஞ்சப்பாவின் வக்கீலைப் பார்த்து, கன்னடமும் இங்கிலீஷுமாகச் சொன்னதைத் தமிழில் எழுதுகிறேன்.

"உங்க கட்சிக்காரர் சொல்றதை நான் நம்பறேன். ஜாதகம் சரியாத்தான் இருக்கு. அப்படின்னா அவர் எப்போ ரிட்டையர் ஆகியிருக்கணும்?"

வக்கீல் கோப்பைப் புரட்ட ஆரம்பித்தார். நீதிபதி வாசுதேவின் வக்கீல் பக்கம் திரும்பினார்.

"உங்க கட்சிக்காரர் இவருக்கும் முன்னாடியே பிறந்திருக்கார். அப்போ அவருக்கும் முன்னாடியே ரிட்டையர் ஆகியிருக்கணும். ரெண்டு பேரும் இன்னிக்கு எந்த வேலையிலேர்ந்து லீவு போட்டுட்டு இங்க வந்திருக்காங்க?"

கோர்ட் ஹாலில் யாரோ சிரிப்பை இருமலாக்கினார்கள். தன் மூக்கை அறுத்து எதிரிக்குச் சகுனத் தடை பண்ணுவது என்பது பழமொழி. இவர்கள் இருவரும் ஒரே கத்தியால் தங்கள் தங்கள் மூக்கை அறுத்துக்கொண்டு நின்றதை நான் கண்ணால் பார்த்தேன். சுமதி இதைப் பார்க்க வந்திருக்கலாமே என்றுதான் எனக்குத் தோன்றியது.

இதோடு அடங்கினார்களா? அடுத்த விசாரணைக்குள் வழக்கு தலைகீழாகிவிட்டது. நஞ்சப்பா தன் ஜாதகத்தை நம்ப முடியாது என்றார், அதை எழுதிய புரோகிதருக்குக் கண் தெரியாதாம். ஆனால் வாசுதேவின் தாய்மாமன் சத்தியவான், அவர் சொன்ன தேதி சரி என்றார். வாசுதேவோ தாய்மாமனுக்கு ஞாபகம் போய்விட்டது, நஞ்சப்பாவின் ஜாதகம்தான் சரி என்றார். அதுவரை நான் பெரியவன், நான் பெரியவன் என்று மோதியவர்கள், அவர்தான் பெரியவர், அவர்தான் பெரியவர் என்று மரியாதை காட்டினார்கள்.

நீதிபதி சிரிக்கவே இல்லை. "மூத்தவர்தான் துறைத் தலைவர்னு ரூல். இவர் அவரை மூத்தவர்ங்கறார். அவர் இவரை மூத்தவர்ங்கறார். உங்கள்ல யாரு தலைவராகப் போறீங்க? எழுந்து நிக்கலாம்" என்றார்.

இருவரும் எழவில்லை. வக்கீல்கள் அவகாசம் கேட்டார்கள். அடுத்த தேதியில் இரண்டு மனுக்களும் வாபஸ். பிறந்த தேதி ஜூன் ஒன்றாகவே இருக்கட்டும் என்று இருவரும் எழுதிக் கொடுத்தார்கள். இரண்டு கடிதங்களும் தனித்தனியாகத்தான் வந்தன. எது முதலில் பதிவாகும் என்று அந்தத் தடவை யாரும் கேட்கவில்லை.

பொறுப்பை டீனிடம் கொடுத்தார்கள். சாவியைக் கொண்டுபோய்க் கொடுத்தேன். பூட்டு துருப்பிடித்திருந்தது, எண்ணெய் விட்டுத் திறந்தோம். டீன் நல்ல மனிதர். அன்றைக்கே சுமதியின் தாளில் ஸ்டாம்ப் வைத்துக் கையெழுத்துப் போட்டுவிட்டு, "இவ்வளவுதானா?" என்று என்னைப் பார்த்தார். இவ்வளவுதான் சார் என்றேன். அதற்குமேல் பேசினால் வாயில் கெட்ட வார்த்தை வந்துவிடும் போல இருந்தது.

இருவருக்கும் ஒரே நாளில் பிரிவுபசார விழா. மாலை முதலில் யாருக்கு என்று கேட்டுக் கோப்பு அனுப்பினேன், வேண்டுமென்றேதான். 'சர்ச்சிஸி' என்று வந்தது. நான் போகவில்லை. இரண்டு ஆளை இரண்டு பக்கம் நிறுத்தி, கை தட்டியதும் ஒரே சமயத்தில் போடச் சொல்லிவிட்டேன். சுவர்ப் பலகையில் வரலாற்றுத் துறைத் தலைவர்களின் வரிசையில் கடைசியாக ஒரு புவியியல் பேராசிரியரின் பெயர் ஏறியது.

சில வருஷங்கள் கழித்து, நான் ஓய்வு பெற்ற பிறகு, உறவுக்காரர் வீட்டு கிரகப்பிரவேசத்துக்காகச் சந்தாபுராவுக்குப் போனேன். திரும்பும்போது பஸ் ஸ்டாப்பில், "மேடம், நீங்க விஜயா மேடம்தானே?" என்று ஒருத்தி வந்து கையைப் பிடித்தாள். சுமதி. காதோரம் நரைத்திருந்தது. அங்கேயே ஒரு தனியார் கல்லூரியில் வேலை பார்க்கிறாளாம். டாக்டர் பட்டம் வந்துவிட்டதாம்.

பேசிக்கொண்டிருந்தபோதே ஒரு மாணவி ஒரு தாளோடு ஓடி வந்தாள். சுமதி அதை வாங்கிப் படித்துவிட்டு, கைப்பையின் மேல் வைத்துக் கையெழுத்துப் போட்டு, பைக்குள்ளிருந்து ஸ்டாம்பை எடுத்து அங்கேயே அடித்துக் கொடுத்தாள். துறைத் தலைவர், வரலாற்றுத் துறை என்று விழுந்தது.

"ஹெச்.ஓ.டி. ஆயிட்டியா! ரொம்ப சந்தோஷம்மா" என்றேன்.

"அட போங்க மேடம். டிபார்ட்மென்ட்ல நான் ஒருத்திதான்."

"அதுவும் நல்லதுதான். போட்டிக்கு ஆள் இல்ல."

"ஆமா மேடம், சீனியாரிட்டி சண்டையே வராது. வருஷக் கடைசியில நிப்பாட்டிட்டு, ஜூன் ஒண்ணாம் தேதி புது ஆர்டர் குடுப்பாங்க. ஒவ்வொரு வருஷமும் அன்னிக்குத்தான் நான் வேலைக்குச் சேர்றேன். இத்தனை வருஷமாச்சு, இன்னும் எனக்கு ஒரு வருஷம் சர்வீஸ்கூட ஆகல."

சொல்லிவிட்டுச் சிரித்தாள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. அவள் கையை விடவும் மனம் வரவில்லை. பஸ் வந்தது, ஏறிக்கொண்டேன். ஓசூர் ரோடு முழுக்க, ஆடுகோடியில் இறங்கும்வரை, அந்த இரண்டு பேரையும் மனதுக்குள் திட்டிக்கொண்டே வந்தேன். யாரை முதலில் திட்டினேன் என்று மட்டும் இங்கே எழுதமாட்டேன். அதற்கும் கேஸ் வரும்.